பிரசன்ன விதானகே: ரெண்டு பக்கமும் நிறுத்தின படங்கள்

லகான் ஆஸ்கர்ல எந்தப் படத்துகிட்ட தோத்துச்சுன்னு கேட்டா நம்மாளுங்க பாதிப்பேர் முழிப்பாங்க. 2002ல அந்த விருதை வாங்கினது 'நோ மேன்ஸ் லேண்ட்'. எடுத்தவர் போஸ்னியாக்காரர் டானிஸ் டனோவிச். சரயேவோ முற்றுகையில மாட்டின சினிமா மாணவர், அங்க ராணுவத்தோட கேமராவைத் தூக்கிட்டு அலைஞ்சிருக்கார். போர்தான் அவரை டைரக்டர் ஆக்குச்சுன்னு சொல்லலாம்.

சரி, போஸ்னியா எங்கயோ இருக்கு. ராமேஸ்வரத்துக்கு அந்தப் பக்கமே அப்படி ஒருத்தர் இருக்கார். பிரசன்ன விதானகே. சிங்களவர். 1962ல பாணந்துறையில பிறந்தவர். 1983 ஜூலைக் கலவரம் நடந்தப்ப அவருக்கு 21 வயசு. நாடகத்துல ஆரம்பிச்சு 1992ல முதல் படம் எடுத்தார். போர் அவர் படங்களுக்குள்ள வந்தது அப்புறம்தான்.

(சிங்களவர்னு படிச்சதும் மூடிட்டுப் போக நினைக்கிறவங்க கொஞ்சம் இருங்க. நானும் அப்படி இருந்தவன்தான். சொல்றேன்.)

1997ல எடுத்த படம் 'புரஹந்த களுவர'. பௌர்ணமி நாள்ல இருட்டுன்னு அர்த்தம். ஜப்பானோட என்.எச்.கே. தயாரிச்சது. வன்னிஹாமின்னு ஒரு கண்ணு தெரியாத பெரியவர். ராணுவத்துக்குப் போன மகன் சீல் வெச்ச பெட்டியில திரும்பி வர்றான். திறக்கக் கூடாதுன்னு உத்தரவு. ஊரே அழுவுது, அவர் மட்டும் நம்ப மாட்டேங்கறார். நஷ்ட ஈட்டுப் பணம் வேணும்னா கையெழுத்துப் போடணும். பொண்ணு கல்யாணம் நிக்குது, கடன் கழுத்தை நெரிக்குது. அப்பவும் போட மாட்டார். கடைசியில குழியைத் தோண்டறாங்க. பெட்டிக்குள்ள மகன் இல்ல.

படத்துல ஒரு துப்பாக்கிச் சத்தம் கிடையாது மக்களே! பெரியவரா நடிச்ச ஜோ அபேவிக்ரமவுக்கு 1999ல சிங்கப்பூர் திரைப்பட விழாவுல சிறந்த நடிகர் விருது குடுத்தாங்க. சொந்த நாட்டுல? 2000 ஏப்ரல்ல ஆனையிறவு முகாம் புலிகள் கைக்குப் போச்சு. அந்த வருஷமே போர்ச் சூழலைக் காரணம் காட்டி, படத்தை வெளியிடக் கூடாதுன்னு அரசாங்கம் நிறுத்திருச்சு. மனுஷன் சும்மா இருக்கல. உச்ச நீதிமன்றம் போனார். 2001ல ஜெயிச்சார், படமும் தியேட்டருக்கு வந்துச்சு.

அடுத்து 2003ல 'இர மதியம'. அதுல ஒரு கதை, 1990ல புலிகள் வடக்கிலேருந்து வெளியேத்தின முஸ்லிம் குடும்பத்துப் பையனோடது. வீடு வாசல் எல்லாம் போகுது, அவனுக்குத் தன் நாயை விட்டுட்டுப் போக மனசில்ல.

இப்ப என் கதைக்கு வர்றேன். 2012ல 'ஒப நத்துவ ஒப எக்க' எடுத்தார். நீ இல்லாமலும் உன்னோடும்னு சொல்லலாம். தாஸ்தாயெவ்ஸ்கி கதையைத் தழுவினது. மலையகத்துல ஒரு சிங்கள அடகுக்கடைக்காரன், அவன்கிட்ட நகை அடகு வைக்க வர்ற தமிழ்ப்பொண்ணு செல்வி. கல்யாணம் ஆகுது. அவன் முன்னாள் சிப்பாய்னு அப்புறம்தான் அவளுக்குத் தெரியுது. எடிட்டிங் நம்ம ஸ்ரீகர் பிரசாத். 2014 ஜூன்ல இந்தப் படம் சென்னைக்கு வந்தப்ப, மிரட்டல் வந்துச்சுன்னு காட்சிகளை எடுத்துட்டாங்க. நான் அப்ப விழுப்புரத்துல ப்ளஸ் ஒன். முந்தின வருஷம்தான் ஈழத்துக்காகத் தமிழ்நாடு பூரா மாணவர் போராட்டம். சூடு ஆறலை. "நல்லா வேணும்"னு நினைச்சேன். படம் என்னன்னே தெரியாம.

கொழும்பு அரசாங்கம் ஒரு படத்தை நிறுத்துச்சு, சென்னையில நாம இன்னொண்ண நிறுத்தினோம். ரெண்டையும் எடுத்தவர் ஒரே ஆள். இது எனக்கு உறைக்கப் பல வருஷம் ஆச்சு.

மரக்காணத்துக்கும் பாண்டிக்கும் நடுவுல ஈசிஆர்ல கீழ்ப்புத்துப்பட்டுன்னு ஊர். இலங்கைத் தமிழர் முகாம் அங்க இருக்கு. காலேஜ்ல என் பெஞ்ச்ல உக்காந்தவன் அந்த முகாம் பையன். ரெண்டு வருஷம் முன்னாடி திண்டிவனம் வீட்டுக்கு வந்திருந்தப்ப, லாப்டாப்ல 'புரஹந்த களுவர' பார்த்தோம். சிங்கள ராணுவ வீரனோட அப்பன் கதை, இவன் என்ன சொல்வானோன்னு எனக்கு உதறல். முடிஞ்சதும் கொஞ்ச நேரம் பேசலை. அப்புறம் சொன்னான்: "எங்க அம்மம்மாவும் இப்படித்தான் மச்சி. மாமாவுக்குத் திவசம் குடுக்க விட மாட்டா. உடம்பைக் காட்டுங்கடா, அப்புறம் குடுக்கலாம்பா."

2017லேருந்து கிளிநொச்சியிலயும் வவுனியாவுலயும் காணாமப் போன பிள்ளைங்க போட்டோவோட ரோட்டோரம் உக்காந்த அம்மாக்களும் இதைத்தான் கேட்டாங்க. காசு வேணாம், பிள்ளை எங்க? அந்தக் கேள்வியை இருபது வருஷம் முன்னாடியே ஒரு சிங்களப் பெரியவர் வாயில வெச்சவர் விதானகே.

போர் 2009ல முடிஞ்சும் அவர் விடல. 2023ல மலையாளத்துல 'பாரடைஸ்'. 2022 பொருளாதார நெருக்கடி சமயத்துல இலங்கைக்குச் சுத்திப் பார்க்கப் போற கேரளா ஜோடி. லாப்டாப், போன் எல்லாம் திருடு போகுது. போலீஸை நெருக்கறாங்க. போலீஸ் பிடிச்சுட்டு வர்றது மலையகத் தமிழர்களை. என் லாப்டாப் போனா நானும் அப்படித்தான் கத்துவேன். யாரை அடிக்கிறாங்கன்னு கேட்டிருப்பேனா? சத்தியமா தெரியல.

நேரம் கிடைச்சா பாருங்க. பார்த்துட்டுத் திட்டணும்னா திட்டுங்க. நான் பாக்காமலே திட்டினவன்.