விரல் ரேகை சென்ற வழி: கல்கத்தா, ஜோகனஸ்பர்க், தங்கவயல்

1930 இல் கோலார் தங்கவயலின் சுரங்கத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தனர். அதற்கு முதன்மைக் காரணம் கூலி அன்று. தொழிலாளர்களின் பெயரைப் பதிவேட்டில் ஏற்றி, விரல் ரேகையை எடுத்து வைக்க நிர்வாகம் செய்த ஏற்பாடு. மைசூர் மைன்ஸ், சாம்பியன் ரீஃப், ஊரிகம், நந்திதுர்க்கம் ஆகிய சுரங்கங்கள் பெயரளவில் தனித்தனி நிறுவனங்களுக்குச் சொந்தமானவை. அனைத்தையும் நிர்வகித்தது லண்டனின் ஜான் டெய்லர் அண்ட் சன்ஸ். தொழிற்சங்கம் அமைக்கும் உரிமை மைசூர் சமஸ்தானத்தில் அப்போது சட்டத்தில் இடம்பெற்றிருக்கவில்லை. அந்த உரிமை 1940களின் தொடக்கத்தில்தான் வந்தது.

எழுத்தறியாத மக்கள் மையைக் கண்டு அஞ்சினர் என்று இந்நிகழ்வை எளிதாக ஒதுக்கிவிடலாம். அவ்வாறு ஒதுக்குவது பெரும் பிழை. ரேகைப் பதிவு என்னும் நுட்பம் அதற்கு முன்பே ஒரு கடலைக் கடந்து, ஆப்பிரிக்கக் கண்டத்தின் தென்முனையில் ஓர் அரசையே உருவாக்கும் பணியில் ஈடுபட்டிருந்தது. அதை அங்கே முதலில் எதிர்த்துச் சிறை சென்றவர்களில் கணிசமானோர் தமிழர்.

நுட்பம் பிறந்த இடம் வங்காளம். 1858 இல் வில்லியம் ஹெர்ஷல் என்னும் அதிகாரி, ராஜ்யதர் கோனாய் என்ற ஒப்பந்ததாரரின் உள்ளங்கையை ஒப்பந்தப் பத்திரத்தில் பதியச் செய்தார். 1890களில் வங்காளப் போலீஸ் தலைவர் எட்வர்ட் ஹென்றியின் கீழ் பணியாற்றிய அசிசுல் ஹக், ஹேமசந்திர போஸ் ஆகிய இருவரும் ரேகைகளை வகைப்படுத்தும் முறையை வகுத்தனர். முறைக்கு ஹென்றியின் பெயரே நிலைத்தது. காலனிய அறிவியலில் இது புதிதன்று. 1897 இல் கல்கத்தாவில் ரேகைப் பணியகம் திறக்கப்பட்டது. 1900 இல் பிரிட்டிஷ் படைகள் ஜோகனஸ்பர்க்கையும் பிரிட்டோரியாவையும் கைப்பற்றியபின், அங்கே போலீஸ் துறையை அமைக்க அனுப்பப்பட்டவர் இதே ஹென்றி. அவர் லண்டனின் ஸ்காட்லாந்து யார்டுக்குச் சென்றது அதற்குப் பிறகுதான்.

ஜோகனஸ்பர்க்குக்கு ரேகை ஏன் தேவைப்பட்டது? 1886 இல் விட்வாட்டர்ஸ்ராண்டில் கண்டறியப்பட்ட தங்கம் தரம் குறைந்தது, ஆழமானது. மிக மலிவான உழைப்பு பெருமளவில் கிடைத்தால் மட்டுமே அது இலாபம் தரும். அந்த உழைப்பு போர்த்துகீசிய மொசாம்பிக்கிலிருந்தும், பசுட்டோலாந்திலிருந்தும், பின்னர் நியாசாலாந்திலிருந்தும் வந்தது. ஒப்பந்தத்தை முறித்து ஓடியவர் வேறொரு பெயரில் வேறொரு சுரங்கத்தில் சேர்ந்துவிட முடிந்தது. பெயர் மாறும், கடவுச்சீட்டும் கைமாறும், விரல் மாறாது. 1904 முதல் 1907 வரை அங்கே கொண்டுவரப்பட்ட ஏறத்தாழ 63,000 சீனத் தொழிலாளர்களின் பத்து விரல்களும் பதிவு செய்யப்பட்டன. அதன் அடுத்த இலக்கு இந்தியர்.

1906 இல் டிரான்ஸ்வால் அரசு கொண்டுவந்த ஆசியர் அவசரச் சட்டம், எட்டு வயதைக் கடந்த ஒவ்வொரு ஆசியரும் ரேகை பதித்துப் பதிவுச் சான்று பெற வேண்டும் என்றது. லண்டன் அதற்கு ஒப்புதல் மறுத்தது. 1907 இல் டிரான்ஸ்வாலுக்குத் தன்னாட்சி கிடைத்ததும் வெள்ளையர் நாடாளுமன்றம் ஏறக்குறைய அதே சட்டத்தை மீண்டும் நிறைவேற்றியது. ஒரு காலனி 'பொறுப்பாட்சி' பெறுவது அங்கு வாழும் பிறருக்கு என்ன பொருள்படும் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை. ஹென்றியின் நூலைப் படித்த காந்தி, பத்து விரல் ரேகை சட்டப்படி குற்றவாளிகளிடமே பெறப்படுவது என்று அதிலிருந்து அறிந்ததாகப் பின்னர் எழுதினார். எதிர்ப்பின் கூர்முனை அங்கேதான் இருந்தது.

தமிழ்ச் சொற்களும் இவ்வேறுபாட்டை அறிந்தவை. 'கைநாட்டு' என்பது கையெழுத்தின் இடத்தில் நிற்பது. கடன் பத்திரத்திலோ கிரயப் பத்திரத்திலோ பெருவிரலைப் பதிப்பவர் ஒரு வாக்கைத் தருகிறார். அச்செயலின் எழுவாய் அவரே. அச்சொல் எழுத்தறியாதவரைக் குறிக்கும் ஏளனமாகத் திரிந்தது பிற்காலத்து நிகழ்வு. 'ரேகை எடுப்பது' வேறு. அங்கே எடுப்பவர் அதிகாரி, விரலுக்குரியவர் செயப்படுபொருள். முன்னதில் சம்மதம் உண்டு, பின்னதில் அடையாளம் மட்டுமே உண்டு.

டிரான்ஸ்வால் போராட்டத்தில் மொரீஷியஸில் பிறந்த தம்பி நாயுடு பலமுறை சிறை சென்றார். இளைஞர் நாகப்பன் சிறையிலிருந்து வெளிவந்த சில நாட்களில், 1909 ஜூலை 6 அன்று இறந்தார். நாராயணசாமி நாடுகடத்தப்பட்டு, கரையிறங்க விடப்படாமல் துறைமுகம் துறைமுகமாக அலைக்கழிக்கப்பட்டு, 1910 அக்டோபரில் டெலகோவா விரிகுடாவில் உயிரிழந்தார். அவ்விரிகுடாவின் கரையில்தான் இன்றைய மொசாம்பிக்கின் தலைநகர் மபூட்டோ உள்ளது. சுரங்கத்துக்கு ஆள் வந்த அதே வழியில்தான் வேண்டாத ஆளும் வெளியேற்றப்பட்டார். அவ்வாறு சென்னைக்குக் கடத்தப்பட்டவர்களை ஏற்றுப் பேணியவர் ஜி. ஏ. நடேசன். 1914 பிப்ரவரி 22 அன்று இறந்த தில்லையாடி வள்ளியம்மை மட்டுமே தமிழ்ப் பாடநூல்களில் பரவலாக இடம்பெற்றார். நாகப்பனும் ஜோகனஸ்பர்க்கின் பிராம்ஃபோன்டைன் இடுகாட்டில்தான் புதைக்கப்பட்டிருக்கிறார் என்பதை அறிந்த தமிழ் மாணவர் மிகக் குறைவு.

இனி தங்கவயலுக்குத் திரும்பலாம். 1860 நவம்பர் 16 அன்று டர்பனை அடைந்த ட்ரூரோ கப்பலுக்குப் பின் நேட்டாலுக்கு ஒப்பந்தக் கூலிகளை ஏராளமாக அனுப்பிய மாவட்டங்களுள் ஒன்று வட ஆர்க்காடு. 1880 முதல் மைசூர் மைன்ஸுக்கும் அடுத்தடுத்த சுரங்கங்களுக்கும் ஆள் சென்ற முதன்மையான நிலப்பகுதியும் அதுவே. நிலமற்ற தலித் குடும்பங்களின் முன் இரண்டு வழிகள் இருந்தன: ஒன்று கரும்புக்கும் கடலுக்கும் அப்பால், மற்றொன்று மாரிகுப்பத்துக்கு.

சுரங்கத்தில் மேஸ்திரி ஒருவரிடமிருந்து விலகி மற்றொரு ஒப்பந்தக்காரரிடம் சேர்வதே தொழிலாளிக்கு இருந்த பேரம் பேசும் வலிமை. முனிசாமிகளும் சின்னப்பன்களும் நிறைந்த பதிவேட்டில், ஒரே பெயரை மூன்று விதமாக எழுதும் எழுத்தர்களுக்கிடையே, அந்த வலிமை ஓரளவு பாதுகாப்பாக இருந்தது. ஒரே நிர்வாகத்தின் கையில் எல்லாச் சுரங்கங்களும் இருக்கையில், ரேகைப் பதிவேடு அப்பாதுகாப்பை அழித்துவிடும். ஒரு சுரங்கத்தில் நீக்கப்பட்டவரை எல்லாச் சுரங்கங்களிலும் தடுத்துவிடலாம். தங்கத் திருட்டின் ஐயம் எந்நேரமும் தலைமேல் தொங்கிய ஊரில், ரேகை கொடுப்பது முன்கூட்டியே குற்றவாளியாகப் பதிவாவதற்கு ஒப்பானது. 1930 இன் தொழிலாளர்கள் கணக்கை மிகச் சரியாகவே போட்டிருந்தனர்.

இரு தங்கவயல்களின் பாதைகள் பிரிவது நிலவியலில். கோலாரின் தொழிலாளி 'லைன்' எனப்பட்ட குடிசை வரிசையில் மனைவி மக்களுடன் வாழ்ந்தார். அறுவடைக்கும் திருவிழாவுக்கும் ரயிலேறி ஊர் சென்று திரும்பினார். அங்கே ரேகைப் பதிவு நிறுவன ஏற்பாடு என்ற எல்லையைத் தாண்டி நாட்டின் குடியுரிமைச் சட்டமாக வளரவில்லை. ராண்டில் ஆப்பிரிக்கத் தொழிலாளி குடும்பத்தைப் பிரிந்து, ஆண்கள் மட்டும் அடைபட்ட காம்பவுண்டுகளில் வாழ்ந்தார். 1910 இல் தென்னாப்பிரிக்க ஒன்றியம் உருவானது. 1913 இன் நிலச் சட்டம் நாட்டின் பெரும்பான்மை மக்களுக்கு ஏறத்தாழ 7 சதவீத நிலத்தை ஒதுக்கியது. எஞ்சிய நிலத்தில் அவர்கள் நடமாட அனுமதிச் சீட்டு வேண்டும். 1952 இல் அச்சீட்டுகள் ஒரே கையேடாக ஒன்றாக்கப்பட்டு, அதற்கான ரேகைகள் பிரிட்டோரியாவின் மையப் பணியகத்தில் குவிக்கப்பட்டன.

அக்கையேட்டை வீட்டிலேயே விட்டுவிட்டு, தங்களைக் கைது செய்யுமாறு கோரி ஷார்ப்வில் காவல் நிலையத்தின் முன் 1960 மார்ச் 21 அன்று மக்கள் திரண்டனர். போலீஸ் சுட்டதில் 69 பேர் இறந்ததாக அரசுக் கணக்கு. அனுமதிச் சீட்டுச் சட்டங்கள் நீக்கப்பட்டது 1986 இல்.