இருபத்தொன்றில் ஒளிந்த மியூ

1996 பிப்ரவரி 27 அன்று ஜப்பானில் கேம் பாய் கருவிக்கு போக்கிமான் ரெட், கிரீன் கேம்கள் வெளிவந்தபோது பிடித்துச் சேர்க்க 150 உயிரினங்கள் என்பதுதான் ஊருக்குச் சொன்ன கணக்கு. கார்ட்ரிட்ஜுக்குள் இருந்தவையோ 151. அந்த ஒன்று, மியூ.

அதை உள்ளே வைத்தவர் கேமை உருவாக்கிய கேம் ஃப்ரீக் நிறுவனத்தின் நிரலாளர் ஷிகேகி மோரிமோட்டோ. வேலை முடிகிற தறுவாயில் சோதனைக் கருவிகளைக் கேமிலிருந்து நீக்கினார்கள். சுமார் 300 பைட் இடம் காலியானது. அந்தச் சந்தில் மியூவைச் செருகிவிட்டார். அவசரத்தின் தடம் இன்றும் நிரலில் அப்படியே இருக்கிறது: மற்ற 150 உயிரினங்களின் அடிப்படைப் பலங்கள் ஒரே பட்டியலில் வரிசையாக நிற்க, மியூவினுடையவை மட்டும் வேறொரு பகுதியில் தனியாகக் கிடக்கின்றன. ஆனால் நிரலின் உள்வரிசையில் அதற்கென ஓர் எண் உண்டு. ஆர்க்கனைனுக்கும் கியாரடோஸுக்கும் நடுவில், 21. மியூவின் கதை முழுக்க இந்த எண்ணைச் சுற்றியே நடக்கிறது.

ஆட்டக்காரர் கையில் அது சிக்கக்கூடாது என்பதுதான் திட்டம். எதிர்பாராத ஒரு பிழையால் சிலருடைய கேமில் மியூ தலைகாட்ட, சேதி பரவியது. நிறுவனமும் அதைத் தனக்குச் சாதகமாக்கிக்கொண்டது. கொரோகொரோ காமிக் இதழ் வழியாக 20 பேருக்கு மட்டும் மியூ தருவதாக அறிவித்தபோது வந்து குவிந்த விண்ணப்பங்கள் சுமார் 78,000. சோர்ந்து நடந்துகொண்டிருந்த விற்பனை அதன் பிறகுதான் சூடுபிடித்தது.

மீதிப் பேர் என்ன செய்வார்கள்? கேமே அவர்களைச் சீண்டியது. சின்னபார் தீவின் பாழடைந்த மாளிகையில் கிடக்கும் நாட்குறிப்புகள், தென் அமெரிக்கக் காட்டில் மியூ கண்டெடுக்கப்பட்டதைச் சொல்கின்றன. பெயர் இருக்கிறது, கதை இருக்கிறது, ஆளைக் காணோம். வெர்மிலியன் துறைமுகத்தில், எஸ்.எஸ். ஆன் கப்பலுக்குப் பக்கத்தில், கேமில் வேறெங்கும் காணாத ஒரு லாரி நிற்கும். அதைத் தள்ளினால் அடியில் மியூ இருக்கிறது என்று பள்ளிக்கூடத்துக்குப் பள்ளிக்கூடம் வதந்தி பறந்தது. லாரி அசையவே இல்லை. 2004-இல் மறுபதிப்பாக வந்த ஃபயர்ரெட், லீஃப்கிரீன் கேம்களில் அந்த லாரியருகே ஒரு தின்பண்டத்தை ஒளித்துவைத்தார்கள். தேடித் தேடி ஏமாந்த பிள்ளைகளுக்கான அந்தச் சின்ன மரியாதை எனக்கு மிகவும் பிடிக்கும்.

லாரி கைவிட்டாலும் கேம்ஷார்க் கைகொடுத்தது. கார்ட்ரிட்ஜுக்கும் கேம் பாய்க்கும் நடுவே மாட்டும் அந்தக் கருவியில் ஒரு சீட் கோடைத் தட்டினால், புல்வெளியில் எதிர்ப்படும் உயிரினத்தின் எண்ணை அது நினைவகத்தில் மாற்றி எழுதிவிடும். மியூவுக்கான கோடில் 15 என்று ஓர் இடம் வரும். பதினாறடிமான எண்முறையில் 15 என்றால் நம் கணக்கில் 21. அதே எண்தான்.

2003-இல் வெளிப்பட்ட வழிக்கு எந்தக் கருவியும் வேண்டாம். 24-ஆம் பாதையின் புல்லில் ஆப்ரா ஒன்றைப் பிடித்துக்கொள்ள வேண்டும். அங்கே நிற்கும் பயிற்சியாளனின் பார்வைக்குள் காலடி வைக்கிற அதே நொடியில் ஸ்டார்ட் பொத்தானை அழுத்தி, ஆப்ராவின் இடம்தாவும் திறனான டெலிபோர்ட்டால் செருலியன் நகருக்குத் தப்பிவிட வேண்டும். கேமைப் பொறுத்தவரை அந்தச் சண்டை பாக்கி நிற்கிறது. பிறகு 25-ஆம் பாதைக்குப் போய், ஸ்லோபோக் வைத்திருக்கும் சிறுவன் தானாக நடந்து வந்து சண்டைக்கு இழுக்கும்படி சற்றுத் தள்ளி நின்று, அவனை ஜெயிக்க வேண்டும். மறுபடி டெலிபோர்ட், மறுபடி 24-ஆம் பாதை. மெனு தானாகவே திறந்துகொள்ளும். மூடினால் ஏழாம் லெவல் மியூ எதிரே நிற்கும்.

இதில் மாயம் ஏதுமில்லை. இடப் பற்றாக்குறையால் நினைவகத்தின் ஒரே இடம் இரண்டு வேலை செய்கிறது: அடுத்து மோத வேண்டியது யார் என்ற எண்ணும், கடைசியாக மோதிய எதிரியின் ஸ்பெஷல் பலமும் அங்கேதான் எழுதப்படுகின்றன. 17-ஆம் லெவலில் உள்ள அந்த ஸ்லோபோக்கின் ஸ்பெஷல் சரியாக 21. பாக்கி நின்ற சண்டையை முடிக்க வந்த கேம், அந்த இடத்தில் 21-ஐப் பார்த்து மியூவை அழைத்துவிடுகிறது. கார்ட்ரிட்ஜில் ஒரு பைட்டைக்கூட வெளியிலிருந்து யாரும் மாற்றவில்லை. இதை ஏமாற்று என்று தள்ளுவதை என்னால் ஏற்க முடியாது. காசு கொடுத்து வாங்கிய கார்ட்ரிட்ஜுக்குள் ஏழு ஆண்டுகளாகப் பூட்டிக் கிடந்த ஒன்றை, நிரலின் போக்கைப் பொறுமையாகக் கவனித்துப் பிள்ளைகள் வெளியே கொண்டுவந்தார்கள்.

சரியாக இருபது ஆண்டுகள் கழித்து, 2016 பிப்ரவரி 27-இல், பழைய கேம்கள் நிண்டெண்டோ 3டிஎஸ் கருவியில் மறுபடி வந்தன. பிழைகளும் கூடவே வந்தன. அடுத்த ஆண்டு ஜனவரியில், அதில் பிடித்தவற்றைப் போக்கிமான் பேங்க் வழியாகப் புதிய கேம்களுக்கு அனுப்பும் வசதி திறந்தது. எல்லாம் போயின, ஸ்லோபோக் வழியாக வந்த மியூவுக்கு மட்டும் அனுமதி இல்லை. நிறுவனம் பரிசாகக் கொடுத்த மியூவில் உரிமையாளர் பெயர் ‘ஜிஎஃப்’, அடையாள எண் 22796 என்று இருக்கும். பேங்க் சோதித்தது அந்த இரண்டையும்தான். ஆட்டக்காரர்கள் அசரவில்லை. அதே பழைய கேமின் வேறு பிழைகளைக் கொண்டு தங்கள் மியூவின் பெயரையும் எண்ணையும் திருத்தினார்கள். வாசல் திறந்தது.

போட்டி மேடைகளில் இதுபோன்ற சோதனைக்கு நியாயம் உண்டு. 2023-இல் யோகோஹாமாவில் நடந்த உலகப் போட்டியில் திருத்தப்பட்ட போக்கிமான்களைக் கொண்டுவந்த சிலர் தகுதி இழந்தது சரியே. எதிரே அமர்ந்திருப்பவரின் உழைப்புக்கும் மதிப்பு வேண்டும். ஆனால் தனியாக ஆடும் ஒருவரின் மியூ யாருடைய வெற்றியைப் பறித்தது? 2020-இல் போக்கிமான் ஹோம் என்ற புதிய சேமிப்புச் சேவை வந்த பின், பேங்கைத் தாண்டியவை ஸ்வார்ட், ஷீல்டு கேம்கள் வரை போகலாம் என்றானது. பரிசாக வந்த மியூவும் ஸ்லோபோக் தந்த மியூவும் அங்கே ஒரே பெயரோடு, ஒரே எண்ணோடு இருக்கின்றன.