பெபேயாளும் அறுமீனும்: வானதேவியரின் பெயர்கள் திருமறைக்குள் வந்த வரலாறு

தஞ்சாவூரிலிருந்து பட்டுக்கோட்டை செல்லும் சாலையில் ஒரத்தநாட்டை அடுத்துள்ள சிற்றூர்ச் சபையொன்றில், சில ஆண்டுகளுக்கு முன் ஞானஸ்நான ஆயத்த வகுப்பு முடிந்த மாலையில் ஒரு கேள்வி எழுந்தது. ஞானஸ்நானம் பெறவிருந்த பெண்ணின் பெயர் சந்திரா. பௌர்ணமி இரவில் பிறந்தவளுக்குத் தாய் இட்ட பெயர் அது. அதை விட அவளுக்கு மனமில்லை. சபை மூப்பர் ஒருவரோ, “விண்ணிலுள்ளவற்றை வணங்கியவர்களின் பெயரோடு எப்படி ஐயா ஞானஸ்நானம் கொடுப்பீர்கள்?” என்று கேட்டார். கேள்வி நேர்மையானது, உடனே விடையிறுக்க என்னால் இயலவில்லை. திருச்சபையின் தொடக்க நூற்றாண்டுகளில் இதே கேள்வி எவ்வாறு எழுந்தது என்று தேடிப் பார்க்கத் தூண்டியது அதுவே.

கிரேக்கரின் வானம் பெண் தெய்வங்களால் நிறைந்திருந்தது. கி. மு. 700ஐ ஒட்டி வாழ்ந்த ஹெசியோத் என்னும் புலவர் தெய்வங்களின் மரபுவழியைத் தொகுத்துப் பாடினார். அவர் தரும் பட்டியலில் ஆதியிலிருந்த வெறுமையிலிருந்து எரெபொஸ் என்னும் இருளும் நிக்ஸ் என்னும் இரவும் தோன்றுகின்றனர். இரவுத்தாய் ஹெமேராவை, அதாவது பகலை, ஈன்றெடுக்கிறாள். தேயா என்பவளுக்குக் கதிரவனாகிய ஹேலியோஸ், நிலவாகிய செலேனே, விடியலாகிய இயோஸ் என மூன்று மக்கள். விடியலின் வயிற்றில் விடிவெள்ளியும் ஏனைய விண்மீன்களும் பிறக்கின்றன. போய்பே என்னும் மற்றொரு முதுதேவியின் பெயருக்கு ‘ஒளிமிக்கவள்’ என்பது பொருள். அவளுக்கு லேத்தோ, அஸ்தேரியா என இரு பெண்கள். அஸ்தேரியாவின் பெயரிலேயே விண்மீன் இருக்கிறது. அவள் மகள் ஹெக்காத்தே. லேத்தோவின் மக்கள் அப்பொல்லோனும் ஆர்த்தெமிசும். நம் நாட்டில் சந்திரன் ஆண் தெய்வம். கிரேக்கருக்கோ நிலவு பெண். ஆர்த்தெமிஸ் முதலில் வேட்டைத் தேவியே. பிற்காலத்தில்தான் அவளை நிலவோடு ஒன்றாக்கினர். உரோமர் அவளைத் தியானாள் என்றனர். உரோமப் புலவர்கள் நிலவையே போய்பே என்றும் அழைத்தனர்.

ஆதியாகமம் முதல் அதிகாரத்தை இப்பட்டியலின் அருகே வைத்துப் பார்க்கும் மாணவர் ஒன்றைக் கவனிப்பார். இரண்டிலும் இருள் முந்தியது, பகல் பிந்தியது. சாயங்காலமும் விடியற்காலமுமாகவே திருமறை நாளை எண்ணுகிறது. ஆயினும் அங்கே இரவு எவருக்கும் தாயன்று. சூரியனுக்கும் சந்திரனுக்கும் அங்கே பெயர்கூட இல்லை. பெரிய சுடர், சிறிய சுடர் என்பதோடு முடிகிறது.

இத்தேவியர் வெறும் கதைப் பாத்திரங்கள் என எண்ணிவிடலாகாது. கி. மு. 413 ஆகஸ்டு மாதத்தில் சிராக்கூசை முற்றுகையிட்டிருந்த ஆதென்ஸ் படை கப்பலேறித் தப்பிச்செல்ல ஆயத்தமாயிருந்த இரவில் சந்திர கிரகணம் உண்டாயிற்று. தளபதி நிக்கியாஸ் குறி சொல்வோரின் வார்த்தைக்கு இணங்கி, மும்மூன்று ஒன்பது நாள், அதாவது 27 நாள், அசைவதில்லை என்று தங்கிவிட்டார். அந்தத் தாமதத்தில் படை முழுவதும் அழிந்தது. சூரியன் எரியும் கல் என்றும், நிலவு மண்ணால் ஆனது என்றும் அனக்சகோராஸ் அதே ஆதென்சில் முன்னரே கற்பித்திருந்தார். அதற்காக அவர்மேல் தெய்வநிந்தனைக் குற்றம் சுமத்தப்பட்டது. அறிவு இருந்தது, அச்சமும் இருந்தது, இரண்டும் ஒரே தெருவில் குடியிருந்தன. கிரகண நாளில் கருவுற்ற பெண்களை வீட்டுக்குள் அடைத்து வைக்கும் நம் ஊர்களில், பள்ளி ஆசிரியரின் வீட்டிலும் அதைக் காண்கிறோம்.

இத்தகைய உலகத்திலிருந்துதான் முதல் கிறித்தவர்கள் வந்தனர். தம் பெயர்களோடேயே வந்தனர். உரோமர் 16ஆம் அதிகாரத்தின் முதல் வசனத்தில் பவுல் சகோதரி என்று பரிந்துரைக்கும் பெபேயாள், கெங்கிரேயா சபையின் ஊழியக்காரி. உரோமருக்கு எழுதிய நிருபத்தை எடுத்துச் சென்றவர் அவரே எனப் பலரும் கருதுவர். அவர் பெயர் போய்பே என்னும் அதே முதுதேவியின் பெயர், எழுத்து மாறாமல். தீத்து 3ஆம் அதிகாரத்தில் வரும் அர்த்தெமா, ஆர்த்தெமிசின் பெயரால் அழைக்கப்பட்டவர். கொரிந்துவில் நீர் பாய்ச்சிய அப்பொல்லோ, அவள் சகோதரனின் பெயர் தாங்கியவர். இவர்களில் எவருடைய பெயரையும் பவுல் மாற்றியதாகக் குறிப்பில்லை. சவுலுக்குப் பவுல் என்ற பெயரும் மனமாற்றத்தின்போது கிடைத்ததன்று என்பதை மாணவர் அறிவர்.

எபேசுவில் நிகழ்ந்த கலகமும் ஈண்டு நினைக்கத்தக்கது. இரண்டு மணி நேரம் தியானாளின் புகழை முழங்கிய கூட்டத்தை அமர்த்திய பட்டணத்துச் சம்பிரதியின் வாதத்தை நாம் பெரும்பாலும் விட்டுவிடுகிறோம். பவுலின் தோழர்கள் கோவிலைக் கொள்ளையிட்டவர்களும் அல்லர், தேவியைத் தூஷித்தவர்களும் அல்லர் என்பதே அவர் வாதம். புறத்தாரின் வாயிலிருந்து வரும் இந்தச் சான்று, நம் தெருப் பிரசங்கங்கள் சிலவற்றுக்குக் கிட்டுமா என்பது ஐயமே.

இன்னும் முன்னே சென்றால் அலெக்சந்திரியாவின் யூதர்களைக் காணலாம். யோபு 9:9ஐக் கிரேக்கத்தில் பெயர்த்தபோது, எபிரேயத்திலுள்ள ‘கீமா’ என்னும் விண்மீன் கூட்டத்துக்குப் பிளேயாத் என்ற சொல்லையே அவர்கள் இட்டனர். பிளேயாதுகள் கிரேக்கக் கதையில் அத்லாசின் புதல்வியர் எழுவர். பன்மைக் கடவுளரை அருவருத்த ஒரு சமுதாயம் இச்சொல்லுக்கு அஞ்சவில்லை. தமிழிலும் இதுவே நடந்தது. நம் சபைகளில் இன்றும் வாசிக்கப்படும் பழைய மொழிபெயர்ப்பு அதே இடத்தில் ‘அறுமீன்’ என்கிறது. அறுமீன் யார்? முருகனுக்குப் பாலூட்டிய கார்த்திகைப் பெண்கள் அறுவர். ஆண்டவர் அவர்களை உண்டாக்கினவர் என்ற ஒரு வினைச்சொல்லே அங்கே முழு வேலையையும் செய்துவிடுகிறது. அப்போஸ்தலர் நடபடிகளில் பவுல் ஏறிய கப்பலின் சின்னமான கிரேக்க இரட்டையரையும் அம்மொழிபெயர்ப்பு ‘மிதுனம்’ என்று நம் இராசியின் பெயராலேயே குறிக்கிறது.

இதனோடு மற்றொன்றையும் சொல்லியாக வேண்டும். கடலூரைச் சேர்ந்த ஆறுமுகம் என்னும் இளைஞர் 1718இல் ஞானஸ்நானம் பெற்று ஆரோன் ஆனார். 1733 டிசம்பர் 28ஆம் நாள் குருப்பட்டம் பெற்ற அவரே தரங்கம்பாடி மிஷனின் முதல் இந்தியக் குரு. அறுமீன் வளர்த்த குழந்தையின் பெயரை அவர் விட்டார். அறுமீனோ திருமறையில் நிலைத்தது. அவருக்குப் புதுப்பெயர் ஒரு விடுதலையாக இருந்திருக்கலாம். அதைக் குறைகூற நமக்கு உரிமையில்லை.

ஒரத்தநாட்டுக்கும் இவ்வரலாற்றில் இடமுண்டு. சுவார்ட்சு ஐயரின் அரவணைப்பில் வளர்ந்தவர் இருவர்: மன்னர் இரண்டாம் சரபோஜி, வேதநாயக சாஸ்திரியார். சரபோஜி தம் அன்புக்குரிய முக்தாம்பாளின் பெயரால் 1802இல் ஒரத்தநாட்டில் சத்திரம் எழுப்பினார். அங்கே கல்விக்கூடமும் நடந்தது. மராத்தியில் அவர் இயற்றிய தேவேந்திரக் குறவஞ்சியில் குறத்தி இந்திராணிக்கு உலகப் புவியியலைச் சொல்கிறாள். தேவி இருந்த இடத்திலேயே இருக்கிறாள். அவளுக்குப் புதிய பாடம் சொல்லப்படுகிறது. 1800ஐ ஒட்டிச் சாஸ்திரியார் பாடிய பெத்லகேம் குறவஞ்சியிலும் ஐரோப்பிய வானநூற் செய்திகள் இடம்பெற்றன. அதன் தலைவியோ இயேசுவை நாடும் திருச்சபை. காதலுற்ற தலைவி நிலவைப் பழிப்பது குறவஞ்சி மரபு. பழிக்கப்படும் நிலவு அந்நேரம் தெய்வமாக இருக்க முடியாது என்பதை நம் பழம்புலவர்களே அறிந்திருந்தனர் போலும். மரபை விடாமலே அதைத் திருச்சபைக்கு உரியதாக்கியவர் சாஸ்திரியார்.

இவற்றையெல்லாம் மூப்பரிடம் எடுத்துரைத்தேன். ஒருதலையாகப் பேசலாகாது என்பதற்காக யூசேபியுஸ் எழுதிவைத்த ஒரு செய்தியையும் சொன்னேன். 4ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் செசரியாவில் விசாரிக்கப்பட்ட எகிப்தியர் ஐவர், விக்கிரகப் பெயர்களைக் களைந்து எலியா, எரேமியா, ஏசாயா, சாமுவேல், தானியேல் என்று தம்மை அழைத்துக்கொண்டனர். ஊர் எது என்று கேட்டபோது எருசலேம் என்றனர். அந்தப் பெயரில் ஒரு நகரம் இருப்பதையே அறியாத தேசாதிபதி, கிறித்தவர் எங்கோ புதுநகர் அமைத்து அரசை எதிர்க்கிறார்கள் என்று எண்ணி வாதித்தான். ஐவரும் உயிர் கொடுத்தனர். அதே திருச்சபையில் மதுத்தெய்வமாகிய தியோனிசின் பெயரைத் தாங்கிய தியோனிசியு அலெக்சந்திரியாவின் பேராயராக இருந்தார்.

அடுத்த ஞாயிறு சந்திரா அப்பெயராலேயே ஞானஸ்நானம் பெற்றாள். மூப்பர் அன்று வந்திருந்து எல்லாருக்கும் முன்பாக அவளை ஆசீர்வதித்தார். ஆயினும் வெளியே வந்து என்னிடம், “பெபேயாள் பெரியவள்தான் ஐயா, நான் அந்த எகிப்தியர் பக்கம்” என்றார்.