அம்மா வேடத்தின் வயது

கொல்லிமலைச் செம்மேட்டில் டிவி முன் உட்கார்ந்திருந்த அக்காமாரிடம், ‘மைக்கேல் மதன காமராஜன்’ படத்தின் திருட்டுப் பாட்டி யார் என்று கேட்டேன். முகம் எல்லாருக்கும் தெரிந்தது. பேர் ஒருத்திக்கும் தெரியவில்லை.

எஸ்.என்.லட்சுமி. என்.எஸ்.கிருஷ்ணனின் நாடகக் குழுவில் நடித்தவர். 1948இல் ‘சந்திரலேகா’வின் முரசு நடனத்தில் ஆடிய கூட்டத்தில் ஒருத்தி. 1964இல் ‘சர்வர் சுந்தரம்’ படத்தில் நாகேஷுக்கு அம்மா. மகனுக்கு 31 வயது. அம்மாவுக்கு நாற்பதுகூட நிரம்பவில்லை! இவர்கள் அக்கா தம்பியாக நடித்திருந்தால்தான் பொருத்தம். ஆனால் தமிழ் சினிமாவில் ஒரு பெண் நரை பூசிக்கொண்டால் பிறகு அது லேசில் கழுவுப்படாது. அதே ஆண்டுகளில் நாற்பதைத் தாண்டிய நாயகர்கள் கல்லூரி மாணவர்களாக வந்து காதலித்துக்கொண்டிருந்தார்கள்.

இதை இழப்பு என்று மட்டும் என்னால் எழுத முடியவில்லை. அவரோடு தொடங்கிய நாயகிகள் ஓய்ந்தபின்னும் ‘மகாநதி’, ‘விருமாண்டி’, சின்னத்திரை என்று கூலி வந்துகொண்டே இருந்தது. அந்தத் திருட்டுப் பாட்டி அழுவதற்காக எழுதப்பட்டவளும் அல்ல. கண்ணில் பட்டதையெல்லாம் சுருட்டுகிறவள். 63 வயதில் கிடைத்த குறும்பு.

திரையில் இத்தனை பேருக்கு அம்மாவான லட்சுமி மணம் செய்துகொள்ளவில்லை. சொந்தச் சம்பாத்தியத்தில் வாழ்ந்து 2012 பிப்ரவரியில் சென்னையில் இறந்தார்.