சுவாதீனமும் பதிவும்: கிரய உடன்படிக்கை வழக்குகளின் நூற்றாண்டு வரலாறு

காஞ்சிபுரத்தை அடுத்த கூரம், நில ஆவண வரலாற்றில் தனியிடம் பெற்ற ஊர். 'ஊற்றுக்காட்டுக் கோட்டத்து நீர்வேளூர் நாட்டுக் கூரம்' என்று அதைச் சுட்டும் செப்பேடுகள், 7ஆம் நூற்றாண்டுப் பல்லவ மன்னன் முதலாம் பரமேசுவரவர்மன் காலத்தவை. பரமேசுவரமங்கலம் என்ற ஊர் 25 பங்காக்கப்பட்டதையும், மண்டபத்தில் பாரதம் வாசிப்பதற்கு ஒரு பங்கு ஒதுக்கப்பட்டதையும் அவை சொல்கின்றன. எந்த நிலம் யாருக்கு என்பதை ஊரறிய எழுதிவைப்பது இம்மண்ணின் நெடுநாள் வழக்கம். ஆயினும், விலை பேசி, முன்பணம் கொடுத்து, நிலத்தில் இறங்கிப் பயிரிட்ட பின்னும் கிரயம் பதிவாகாமல் நீதிமன்றம் ஏறும் வழக்குகள் தமிழகத்தில் ஓயவில்லை. அவ்வாறு வாங்கியவருக்குச் சட்டம் தந்த காப்பு வளர்ந்து சுருங்கிய வரலாற்றை இக்கட்டுரை ஆராய்கிறது. சுவாதீனம் மட்டும் அவரைக் காக்காது. உரிய காலத்தில் தொடுக்கும் வழக்கே காக்கும் என்பது இதன் முடிபு.

1. எழுத்துக்கே முதன்மை (1882–1929)

1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம், 54ஆம் பிரிவில் இரண்டு விதிகளை வகுத்தது. 100 ரூபாயும் அதற்கு மேலும் மதிப்புள்ள நிலத்தைப் பதிவுப் பத்திரத்தால் மட்டுமே விற்க முடியும். விற்பதாகச் செய்துகொள்ளும் உடன்படிக்கை நிலத்தில் எந்த உரிமையையும் உண்டாக்காது. சென்னை உயர் நீதிமன்ற முழு அமர்வு 1906இல் இதைக் கண்டிப்பாகப் பின்பற்றியது. பணம் கொடுத்து நிலத்தை அனுபவித்து வந்தவரும், பதிவுப் பத்திரம் இல்லையென்றால் உரிமையாளரின் வழக்கை எதிர்த்து நிற்க இயலாமற்போனது. ஆனால் 1914இல் இலண்டன் பிரிவி கவுன்சில், உடன்படிக்கையை நம்பி அதன் ஒரு பகுதியை நிறைவேற்றியவரைக் காக்கும் பகுதி நிறைவேற்றக் கோட்பாட்டுக்கு இடமளித்தது. 1923இல் சென்னையின் மற்றொரு முழு அமர்வும் அதே வழியில் சென்றது.

2. கேடயம் கிடைத்த காலம் (1930–2001)

1906இன் கண்டிப்புக்கும் பின்வந்த தீர்ப்புகளுக்கும் இடையிலான முரண்பாட்டைத் தீர்க்க, 1929ஆம் ஆண்டுத் திருத்தம் சொத்து மாற்றுச் சட்டத்தில் 53அ பிரிவைச் சேர்த்தது. 1930 ஏப்ரல் 1 முதல் அது நடைமுறைக்கு வந்தது. விற்பவர் கையொப்பமிட்ட எழுத்து வேண்டும். அதன்படி சுவாதீனம் பெற்றிருக்க வேண்டும். வாங்குபவர் தம் பங்கை நிறைவேற்றியிருக்க வேண்டும் அல்லது நிறைவேற்ற ஆயத்தமாக இருக்க வேண்டும். இவை கூடினால், உடன்படிக்கை பதிவாகாவிட்டாலும் அவரை வெளியேற்ற முடியாது. ஆனால் 53அ தற்காப்புக்கு மட்டுமே உதவும். அதைக் கொண்டு உரிமையாளர் என்ற நிலையைக் கோர முடியாது. நீண்டகால அனுபோகமும் இங்கே கைகொடுப்பதில்லை. உடன்படிக்கையின்படி நிலத்தில் இருப்பவர் உரிமையாளரின் சம்மதத்தோடு இருப்பவர் என்பதால், அது உரிமையாளருக்கு எதிராக உரிமை கொண்டாடும் எதிரிடை அனுபோகம் ஆகாது என்று 1990இல் தமிழக வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதே நீதிமன்றம் 2002இல், வழக்குத் தொடுக்கும் காலக்கெடு கடந்தவரும் 53அ காப்பைத் தற்காப்பாக எழுப்பலாம் என்று உறுதிசெய்தது.

3. காப்பு சுருங்கிய காலம் (2001 முதல்)

அந்தத் தீர்ப்புக்கு முன்பே சட்டம் மாறிவிட்டது. 2001 செப்டம்பர் 24 முதல், 53அ காப்புக்கு உடன்படிக்கையும் பதிவாகியிருக்க வேண்டும். முத்திரைத்தாளில் எழுதும் உடன்படிக்கைகளில் 'இன்றே சுவாதீனத்தில் விட்டுவிட்டேன்' என்றொரு வரி இடம்பெறுவதுண்டு. முன்பு வாங்குபவருக்கு அரணாக இருந்த அந்த வரி, அந்நாளுக்குப் பின் எழுதிய பதிவில்லாத தாளில் இருந்தால் 53அ காப்பைத் தராது. அந்நாளுக்கு முந்திய உடன்படிக்கைகளை இம்மாற்றம் தொடவில்லை. ஆகவே, சுவாதீன வழக்கில் ஆவணத்தின் தேதியே முதலில் பார்க்க வேண்டியது.

தமிழ்நாடு இன்னும் ஒருபடி மேலே சென்றது. 2012ஆம் ஆண்டின் 29ஆம் சட்டம், அவ்வாண்டு டிசம்பர் 1 முதல், சுவாதீனம் கொடுத்தாலும் கொடுக்காவிட்டாலும் கிரய உடன்படிக்கையைப் பதிவுசெய்வதைக் கட்டாயமாக்கியது. பதிவாகாத தாளைச் சாட்சியமாக ஏற்கலாமா என்ற கேள்வி இதனால் எழுந்தது. அவ்வாறு ஏற்க இடந்தரும் பதிவுச் சட்டம் 49ஆம் பிரிவின் காப்புரை நீக்கப்படவில்லை என்பதைச் சுட்டி, ஏற்றதை ஆற்றக் கோரும் வழக்கில், அதாவது உடன்படிக்கைப்படி கிரயம் எழுதித் தரக் கேட்கும் வழக்கில், அதை ஏற்கலாம் என்று 2023 ஏப்ரல் 10 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆனால் வேறொரு வழக்கில், பதிவாகாத தாளை வைத்துத் தம் சுவாதீனத்தில் தலையிடக் கூடாதென நிரந்தர உறுத்துக் கட்டளை மட்டும் கேட்டவருக்கு, 2022இல் அந்நீதிமன்றம் கைவிரித்திருந்தது.

முடிவுரை

இவ்விரு தீர்ப்புகளையும் சேர்த்துப் படித்தால் இன்றைய நிலை தெளிவாகிறது. 2001 செப்டம்பர் 24க்குப் பின் எழுதிய பதிவில்லாத உடன்படிக்கை சுவாதீனத்தைக் காக்காது; கிரயம் எழுதித் தரச் சொல்லிக் கேட்க உதவும். அதற்கும் மூன்று ஆண்டுக் கெடு உண்டு: உடன்படிக்கையில் நாள் குறித்திருந்தால் அந்நாளிலிருந்து, குறிக்காவிட்டால் விற்பவர் மறுத்தது தெரிந்த நாளிலிருந்து. பயிர் செய்துகொண்டிருப்பதால் நிலம் தம்முடையதே என்று காத்திருப்பவர் இந்தக் கெடுவில்தான் தோற்கிறார். முன்பணம் கொடுக்கும் அன்றே உடன்படிக்கையைப் பதிவுசெய்வது முதல் காப்பு. அது தவறியிருந்தால், உறுத்துக் கட்டளையோடு நின்றுவிடாமல், கெடு முடியுமுன் ஏற்றதை ஆற்றக் கோரி வழக்குத் தொடுக்க வேண்டும். உழைத்துச் சேர்த்த பணத்தை நிலத்தில் போட்ட குடும்பங்களுக்கு இதை உரிய வேளையில் எடுத்துச் சொல்லும் பொறுப்பு, ஆவண எழுத்தர்களுக்கும் வழக்கறிஞர்களுக்கும் உண்டு.