கத்தரி பிடித்த கை

ஒரு திரைப்படத்தைப் பார்த்துவிட்டு வருகையில் நாம் நெறியாளரைப் புகழ்கிறோம். நடிகையின் முகத்தை நினைவில் வைத்திருக்கிறோம். படச்சுருளை வெட்டி ஒட்டியவர் யாரென்று வினவுவோர் மிகச் சிலரே. பிரெஞ்சுத் திரைப்பட வரலாற்றில் ழான் ரெனுவாருக்கு அத்தியாயங்கள் உண்டு. அவருடைய சிறந்த படங்களைத் தொகுத்த மார்கெரித் ஊல்லேக்குப் பெரும்பாலும் ஓரிரு வரிகளே உண்டு.

1906 ஆம் ஆண்டிற் பிறந்த மார்கெரித், தொழிற்சங்கப் பற்றுடைய ஓர் இடதுசாரிக் குடும்பத்தைச் சேர்ந்தவர். 1930களில் அவர் ரெனுவாரின் வாழ்க்கைத் துணைவி. இருவரும் மணம் புரியவில்லை. எனினும் மார்கெரித் ரெனுவார் என்ற பெயராலேயே அறியப்பட்டார். புகழ்பெற்ற ஓவியரின் மகனான ரெனுவார் மக்கள் முன்னணிக் காலத்தில் தொழிலாளர் பக்கம் சாய்ந்ததற்கு இவருடைய உறவும் ஒரு காரணம். 1936 இல் கம்யூனிஸ்ட் கட்சியின் தேர்தற் பணிக்காக எடுக்கப்பட்ட 'வாழ்க்கை நமதே', 1937 இன் 'மாபெரும் மாயை', 1939 இன் 'ஆட்ட விதி' ஆகியவற்றிலெல்லாம் இவர் கை இருந்தது.

அந்தக் கையின் வேலை யாது? 35 மில்லிமீற்றர்ச் சுருள் நொடிக்கு 24 படங்களாக, நிமிடத்துக்கு 90 அடி ஓடுகிறது. ஒரே காட்சி பலமுறை எடுக்கப்பட்டிருக்கும். எதைக் கொள்வது, எந்த இடத்தில் வெட்டுவது, ஒரு முகத்தின் மீது எத்துணை நேரம் தங்குவது என்பனவற்றை இருட்டறையிலிருந்து தீர்மானிக்க வேண்டும். இதனைத் தையல் வேலை போலக் கருதிப் பெண்களுக்கு விட்டுவிட்டவர்கள், ஊதியத்தைப் போலவே பெருமையையும் குறைத்தே அளந்தனர்.

ஆனால் ஒரு படத்தில் உண்மை மறைக்க முடியாதபடி வெளிப்பட்டுவிட்டது. மாப்பசானின் கதையை வைத்து ரெனுவார் 1936 கோடையில் 'நாட்டுப்புறத்தில் ஒரு நாள்' படத்தைத் தொடங்கினார். மழை விடவில்லை, பணமும் பொறுமையும் தீர்ந்தன. சில காட்சிகள் எடுக்கப்படாமலே ரெனுவார் வேறு படத்துக்குப் போய்விட்டார். போர் வந்தது, 1940 இல் அவர் அமெரிக்கா சென்றார், வேறொரு பெண்ணுடன். நாசி ஆக்கிரமிப்பின்போது பணிப்பிரதி அழிந்தது. மூலச்சுருள் மட்டும் தப்பியது.

போர் முடிந்த பின்னர் அதனை எடுத்துத் தொகுத்தவர் மார்கெரித். நெறியாளர் கடலுக்கு அப்பால். இட்டு நிரப்பப் புதிய காட்சியும் இல்லை. விடுபட்ட இடத்தில் எழுத்துக்களைப் போட்டு, ஏறத்தாழ 40 நிமிடப் படமொன்றை 1946 இல் உலகுக்குத் தந்தார். இறுதியில் ஆற்றின் மேல் பெய்யும் மழையைக் கண்டவர்கள் அதனை எளிதில் மறக்கமாட்டார்கள். படப்பிடிப்பைக் குலைத்த மழையே படத்தின் துயரமாகிவிட்டது! 1994 இல், கைவிடப்பட்ட சுருள்களைக் கொண்டு வேறொரு படம் வெளிவந்தது. எதனின்று எது தேரப்பட்டது என்பதை அதிலே காணலாம். இன்னொன்று: மூலப்படத்தில் விடுதிப் பணிப்பெண்ணாக வருபவரும் மார்கெரித்தே.

பிரிந்துபோனவரின் பெயரை அவர் விடவில்லை. அந்தப் பெயரில் அவருக்கென ஒரு தொழில் வளர்ந்திருந்தது. அதனைத் துறப்பது தம் உழைப்பையே துறப்பதாகியிருக்கும். ரெனுவாரின் உதவியாளராயிருந்து நெறியாளரான ழாக் பெக்கருக்காக 1952 இல் 'பொன் முடி'யைத் தொகுத்தார். இறுதியாகச் சிறையுடைப்பைச் சொல்லும் 'துளை'யையும். 1960 பெப்ரவரியில் பெக்கர் இறந்தார். படம் அடுத்த மாதம் திரைக்கு வந்தது. தொகுப்பு: மார்கெரித் ரெனுவார்.