மனுவிலிருந்து நிறுவனத்துக்கு: வி. கிருஷ்ணசாமி ஐயரும் மயிலாப்பூர் அரசியலும்

மந்தைவெளிக்கு வடக்கே, கபாலீசுவரர் கோயில் குளத்துக்கும் லஸ் முனைக்கும் இடைப்பட்ட சிறு பரப்பில்தான் நூறாண்டுகளுக்கு முன் சென்னை மாகாண அரசியலின் ஒரு பெரும்பகுதி நடந்தது. நடத்தியவர்கள் உயர்நீதிமன்ற வக்கீல்கள். மிதவாதிகள் என்று முத்திரை குத்தி, பாடப்புத்தகங்கள் இரண்டே வரியில் தாண்டிப்போகும் கூட்டம் இது. அவர்களில் வி. கிருஷ்ணசாமி ஐயரின் (1863–1911) வாழ்க்கையை நெருங்கிப் பார்த்தால் அந்த முத்திரை போதாது என்பது விளங்கும்.

சென்னையில் அரசியல் என்பது முதலில் மனுப்போடுவதாகவே இருந்தது. 1852இல் கஜுலு லட்சுமிநரசு செட்டி சென்னை சுதேசி சங்கத்தைத் தொடங்கி, லண்டன் பாராளுமன்றத்துக்கு விண்ணப்பம் அனுப்பினார். 1884இல் சென்னை மகாஜன சபை வந்தது. அடுத்த ஆண்டு காங்கிரஸ்.

அதே 1885இல்தான் திருவிடைமருதூரில் பிறந்து கும்பகோணத்திலும் சென்னை மாநிலக் கல்லூரியிலும் படித்த கிருஷ்ணசாமி ஐயர் வக்கீலாகப் பதிவு செய்துகொண்டார். எஸ். சுப்பிரமணிய ஐயர் போன்ற மூத்த வக்கீல்களைச் சுற்றி, வழக்குத் தீர்ப்புகளை அலசச் சனிக்கிழமைதோறும் ஒரு வட்டம் கூடியது. 1891இல் 'மெட்ராஸ் லா ஜர்னல்' இந்த வட்டத்திலிருந்தே பிறந்தது. வெள்ளை நீதிபதியின் தீர்ப்பை இந்திய வக்கீல் அச்சில் விமரிசிப்பது அந்தக் காலத்தில் சாதாரணக் காரியமல்ல. கிருஷ்ணசாமி ஐயரின் அரசியல் பயிற்சி மேடையில் அல்ல, இங்கேதான் தொடங்கியது என்பது என் கருத்து.

1906 அக்டோபர் 22 அன்று, சென்னையின் ஆங்கிலேய வங்கி நிறுவனமான அர்பத்நாட் கம்பெனி திவாலானது. ஓய்வூதியக்காரர்கள், விதவைகள், சிறு சம்பளக்காரர்கள் என்று பலருடைய சேமிப்பு ஒரே நாளில் முடங்கியது. கம்பெனியின் தலைவர் சர் ஜார்ஜ் அர்பத்நாட்டுக்குப் பின்னர் 18 மாதக் கடுங்காவல் கிடைத்தது. ஆனால் போன பணம் திரும்பவில்லை. கடன் கொடுத்தவர்களுக்காக வாதாடிய கிருஷ்ணசாமி ஐயர், வழக்கோடு நிற்காமல் சுதேசி முதலீட்டில் ஒரு வங்கி தொடங்கும் முயற்சியில் இறங்கினார். பங்கு மூலதனத்துக்கு நாட்டுக்கோட்டைச் செட்டியார்களின் ஆதரவு இன்றியமையாததாக இருந்தது. முன்வந்தவர்களில் முக்கியமானவர் ராமசாமி செட்டியார்.  1907 மார்ச் 5இல் பதிவான இந்தியன் வங்கி ஆகஸ்ட் 15இல் வேலையைத் தொடங்கியது.

ஆயுர்வேதத்துக்கு வேங்கடரமணா வைத்தியசாலை (1905), மயிலாப்பூர் சமஸ்கிருதக் கல்லூரி (1906), லஸ்ஸில் ராணடே நூலகம் என்று அதே சில ஆண்டுகளில் மற்ற நிறுவனங்களும் எழுந்தன. சர்க்காரைக் கேட்டுப் பெறுவதைவிடத் தாங்களே கட்டிக்கொள்வது என்ற திருப்பம் இவற்றில் தெளிவாகத் தெரிகிறது. சுதேசி இயக்கத்தின் காலத்திலேயே, அந்நியத் துணியை எரிக்காத இன்னொரு சுதேசியம் இது.

பாரதி தொடர்பு இதைவிடச் சுவையானது. பதிப்பாளர் ஜி.ஏ. நடேசன் இளைஞர் பாரதியை அழைத்துவந்து பாடல்களை வாசிக்கச் செய்தார். கேட்டு உருகிய கிருஷ்ணசாமி ஐயர், மூன்று பாடல்களைத் தம் செலவில் 'சுதேச கீதங்கள்' என்ற நான்கு பக்கப் பிரசுரமாக 1907இல் அச்சிட்டு, 15,000 பிரதிகள் இலவசமாக வழங்கினார். பாரதி பாட்டு பரவலாகக் கைக்குக் கிடைக்க முதலில் வழிசெய்தவர், பாரதியின் 'இந்தியா' பத்திரிகை கடுமையாகத் தாக்கிவந்த ஒரு மிதவாதி! கவிதைக்குப் பணம் கொடுத்தாரே ஒழிய, கவிஞரின் அரசியலுக்கு அவர் இணங்கவில்லை. அந்த ஆண்டு டிசம்பரில் சூரத்தில் காங்கிரஸ் உடைந்தபோது இருவரும் எதிரெதிர் அணிகள். 1908 டிசம்பரில் ராஷ் பிஹாரி கோஷ் தலைமையில் சென்னையில் மிதவாதிகளின் காங்கிரஸ் கூடியது. அதை நடத்திமுடிப்பதில் கிருஷ்ணசாமி ஐயர் முன்னின்றார். பாரதி அதற்குள் புதுச்சேரி போய்விட்டார், வ.உ.சி. சிறையில் இருந்தார்.

கிருஷ்ணசாமி ஐயர் 1909இல் உயர்நீதிமன்ற நீதிபதி, 1911இல் கவர்னரின் நிர்வாக சபை உறுப்பினர். அச்சபையில் பொப்பிலி ராஜாவுக்கு அடுத்து இடம்பெற்ற இந்தியர் இவரே. இதைப் பதவிக்கு விலைபோனதாகத் தீவிரவாதிகள் கண்டார்கள். அவர் பார்வையிலோ 1909 மிண்டோ–மார்லி சீர்திருத்தம் திறந்த கதவுக்குள் நுழைவதுதான் அதற்குமுன் செய்த வேலைகளின் தொடர்ச்சி. இரண்டிலும் உண்மை உண்டு.

குறையையும் சொல்லியாக வேண்டும். சமஸ்கிருதக் கல்லூரி யாருக்காக எழுந்தது, வக்கீல் வட்டத்தில் யார் உட்கார்ந்தார்கள் என்ற கேள்விகளை மயிலாப்பூர் தன்னிடமே கேட்டுக்கொள்ளவில்லை. மயிலாப்பூருக்குப் போட்டியாக இருந்த எழும்பூர் அணியின் சங்கரன் நாயரும் டி.எம். நாயரும் அதன் ஆதிக்கத்தை முன்பிருந்தே எதிர்த்துவந்தார்கள். 1911 டிசம்பர் 28 அன்று, 48 வயதில், கிருஷ்ணசாமி ஐயர் காலமானார். நிர்வாக சபையில் அவருடைய இடத்துக்கு வந்தவர் பி.எஸ். சிவசாமி ஐயர், அவரும் அதே வட்டம். ஐந்து ஆண்டுகள் கழித்து வெளியான பிராமணரல்லாதார் அறிக்கை தொடுத்த முதல் தாக்குதல், பதவிகள் இப்படி ஒரே வகுப்பாரிடம் குவிந்திருப்பதன்மீதுதான்.